ஷின்சானுக்கு இன்னும் அஞ்சு வயசுதான்!

பல்லாண்டு ஓடும் கார்ட்டூன் நகைச்சுவைத் தொடர்கள் எங்கே மாறுகின்றன, எங்கே தேய்கின்றன? விழுப்புரம், திண்டிவனம் வீட்டுக் கூடத்திலிருந்து துரௌபதை அம்மன் கோயில் கூத்துக் களம் வரை ஒரு பார்வை.

2006-ல் ஹங்காமா சேனல் வழியாக ஷின்சான் இந்தியாவுக்குள் நுழைந்தபோது திண்டிவனத்தில் இரண்டாம் வகுப்பு படித்த பிள்ளைக்கு இப்போது இருபத்தைந்து தாண்டிவிட்டது. சென்னையில் வேலை. வெள்ளிக்கிழமை ராத்திரி பெருங்களத்தூரில் பஸ் பிடித்து ஊருக்கு வருகிறார். வீட்டில் பெண் பார்க்கத் தொடங்கிவிட்டார்கள். கூடத்தில் அக்கா மகன் ஓடவிட்டிருக்கும் டிவியில் ஷின்சான் அதே சிவப்புச் சட்டை, மஞ்சள் அரைக்கால் சட்டையோடு அம்மாவிடம் திட்டு வாங்கிக்கொண்டிருக்கிறான். அவனுக்கு இன்னும் அஞ்சு வயசு.

யோஷிதோ உசுயி 1990-ல் ஜப்பானியப் பத்திரிகை ஒன்றில் அவனை வரையத் தொடங்கியபோதும் அதே வயதுதான். 1992 ஏப்ரலில் டிவி அசாஹி அவனைக் கார்ட்டூன் தொடராக்கியபோதும் அதே வயதுதான். முப்பது வருஷம் கடந்தும் ஒன்றாம் வகுப்புக்குப் போகாமல் பாலர் பள்ளியிலேயே உட்கார்ந்திருக்கிறான்.

ஆனால், திண்டிவனத்து மாமாவும் மருமகனும் பார்ப்பது ஒரே ஷின்சானை அல்ல. கோடு மாறியிருக்கிறது. குரல் மாறியிருக்கிறது. அம்மாவின் கை தணிந்திருக்கிறது. அவனைப் படைத்தவரே இன்று இல்லை. வயது ஏறாத பாத்திரத்தை வைத்துக்கொண்டு இவ்வளவு காலம் சிரிக்க வைப்பது எப்படி? சில தொடர்கள் ஏன் பத்தாவது வருஷத்திலேயே புளித்துப்போகின்றன? இந்தக் கேள்விக்கு டோக்கியோவிலும் லாஸ் ஏஞ்சல்ஸிலும் பாதி விடை இருக்கிறது. மீதி நம் செஞ்சி வட்டாரத்திலேயே இருக்கிறது.

வரிசை இல்லாமல் வந்த சிரிப்பு

அமெரிக்காவில் கார்ட்டூன் தொடருக்கு ‘சீசன்’ உண்டு. ஆண்டுக்கு இருபது, இருபத்திரண்டு பகுதிகள், பிறகு இடைவெளி, பிறகு அடுத்தது. ஜப்பானில் ஷின்சான் போன்ற நீண்ட தொடர்கள் வாரம் ஒரு நாள், வருஷம் முழுக்க. இரண்டிலும் பார்வையாளர் தொடரோடு சேர்ந்தே வளர்கிறார். மாற்றம் வந்தால் அன்றே தெரிந்துவிடும்.

நம் ஊருக்குக் கார்ட்டூன் வந்த வழி வேறு. 2006-ல் ஆட்சிக்கு வந்த தி.மு.க. அரசு இலவச வண்ணத் தொலைக்காட்சியைக் கொடுக்கத் தொடங்கியது. 2007 ஏப்ரலில் சன் குழுமத்தின் சுட்டி டிவி வந்தது. ஜாக்கி சானும் டோராவும் நாள் முழுக்கத் தமிழ் பேசினார்கள். 2011-ல் அரசு கேபிள் மாதம் எழுபது ரூபாய் என்று மறுபடி களம் இறங்கியது. மயிலம், விக்கிரவாண்டி, மரக்காணம் பக்கத்துக் கிராமங்களில்கூட, பள்ளிக்கூடம் விட்டு வந்த பிள்ளை பையைக் கழற்றும் முன்பே ரிமோட்டைத் தேடும் காலம் பிறந்தது இந்த ஐந்தாறு வருஷங்களில்தான்.

அந்தப் பிள்ளைகள் எதையும் வரிசையாகப் பார்க்கவில்லை. மறுஒளிபரப்பு காலவரிசை பார்ப்பதில்லை. காலையில் 1995-ல் வரைந்த ஷின்சான், சாயங்காலம் அதற்குப் பத்து வருஷம் பிந்திய ஷின்சான். நடுவில் நேற்று பார்த்ததே மறுபடியும். ஜப்பான் பிள்ளை ஆற்றோடு நடந்தது. நம் பிள்ளை ஒரே நாளில் பத்து இடத்தில் குதித்தது. அதனாலேயே நம் பிள்ளைகளுக்கு ஒரு கெட்டிக்காரத்தனம் வந்தது. படம் ஓடத் தொடங்கிய நாலாவது நொடியில், “இது பழைய ஷின்சான்” என்று சொல்லிவிடுவார்கள்.

கோடு சொல்லும் வயது

எப்படிச் சொல்கிறார்கள்? முதல் அடையாளம் படத்தின் அகலம். பழைய பகுதிகள் பழைய டிவிப் பெட்டியின் அளவுக்கு வரைந்தவை. உயரம் மூன்று பங்கு என்றால் அகலம் நாலு பங்கு. அரசு கொடுத்த பதினான்கு அங்குலப் பெட்டியில் அது கச்சிதமாகப் பொருந்தியது. பிறகு வீட்டுக்கு எல்.இ.டி. டிவி வந்தது. அதில் அதே படம் இரண்டு ஓரத்திலும் கறுப்புப் பட்டையோடு வரும். பட்டை பிடிக்காத அப்பா ரிமோட்டை அமுக்கிப் படத்தை இழுத்துவிட்டால் ஷின்சானின் கன்னம் இன்னும் உப்பிப்போகும்.

இரண்டாவது அடையாளம் வண்ணம். பழைய கார்ட்டூன் என்பது கண்ணாடி போன்ற மெல்லிய தாளில் கையால் வண்ணம் பூசி, ஒவ்வொன்றாகக் கேமராவுக்குக் கீழே வைத்து எடுத்த படம். உற்றுப் பார்த்தால் தூசி தெரியும், பூச்சு ஒரு நூல் தள்ளிப் போயிருக்கும், கோடு லேசாக நடுங்கும். கணினியில் வண்ணம் நிரப்பத் தொடங்கியதும் நடுக்கம் போயிற்று, தூசியும் போயிற்று. அமெரிக்காவின் ‘தி சிம்ப்சன்ஸ்’ 2002-ல் இந்த மாற்றத்துக்கு முழுதாகப் போனது. 1969-லிருந்து ஓடும் ஜப்பானின் ‘சசாயே-சான்’ 2013 வரை கைப்பூச்சை விடவில்லை.

சுத்தமான கோடு நல்லதுதானே என்று தோன்றும். நகைச்சுவைக்கு எப்போதும் அப்படி இல்லை. சிம்ப்சன்ஸ் முதல் சீசனில் குடும்பத்து அப்பா ஹோமரின் முகம் ஒவ்வொரு காட்சிக்கும் கொஞ்சம் மாறும். கண் பிதுங்கும், வாய் கோணும். வரைகிறவர்களுக்கே அந்த முகம் இன்னும் பிடிபடாத காலம் அது. பிற்பாடு ஒவ்வொரு பாத்திரத்துக்கும் எந்தக் கோணத்தில் எப்படி இருக்க வேண்டும் என்ற அளவுப்படம் உறுதியானது. முகம் அழகானது, கோணல் குறைந்தது. கோணலில்தான் பாதிச் சிரிப்பு இருந்தது என்று பழைய ரசிகர்கள் இன்றும் சண்டை பிடிக்கிறார்கள்.

நம் நாட்டில் மாற்றம் பணத்தின் வழியாக வந்தது. ஹைதராபாத்தின் கிரீன் கோல்டு நிறுவனம் ராஜீவ் சிலகாவின் தலைமையில் 2008-ல் போகோ சேனலுக்கு ‘சோட்டா பீம்’ கொடுத்தது. ‘லோட்பாட்’ என்ற இந்தி சிறுவர் இதழின் சித்திரக்கதையிலிருந்து 2012-ல் ‘மோட்டு பத்லு’ நிக்கலோடியனுக்கு வந்தது; செய்தது மும்பையின் காஸ்மோஸ்-மாயா. மோட்டு பத்லு முப்பரிமாணக் கணினிப் படம். தெருவையும் டீக்கடையையும் ஆளையும் ஒரு தரம் செய்து வைத்தால் போதும். அடுத்த கதைக்கு அவற்றையே நடக்க விடலாம். நூற்றுக்கணக்கில் கதை சுடச்சுட இறங்கியதற்குக் காரணம் அதுதான். எல்லாக் கதையும் ஃபுர்ஃபுரி நகரின் அதே தெருவில் நடப்பதற்கும் காரணம் அதுதான்.

குரல் போனால் ஆள் போயிற்றா?

நகைச்சுவைக் கார்ட்டூனுக்கு முகத்தைவிடக் குரல் முக்கியம். கண்ணை மூடிக்கொண்டு கேட்டாலும் ஷின்சான் யார் என்று தெரியும். ஜப்பானில் அந்த இழுவைக் குரலைக் கொடுத்தவர் அகிகோ யாஜிமா என்ற பெண் கலைஞர். 1992-லிருந்து இருபத்தாறு வருஷம் பேசிவிட்டு 2018-ல் விலகினார். அவர் சொன்ன காரணம் கவனிக்கத் தக்கது: பாத்திரம் தானாகப் பேசுவதுபோல் இல்லாமல், குரலைத் தக்கவைப்பதிலேயே கவனம் போகிறது என்றார். சிரிப்பு இயல்பாக வராமல் பாவனையாக மாறும் இடத்தை உள்ளிருந்தே கண்டுபிடித்துச் சொன்னவர் அவர். பிறகு யூமிகோ கொபயாஷி வந்தார்.

இன்னொரு ஜப்பானியத் தொடரான டோரேமானில் 2005-ல் முக்கியக் குரல்கள் மொத்தமும் மாறின. சிம்ப்சன்ஸில் ஆசிரியை கிராபாப்பலுக்குக் குரல் கொடுத்த மார்சியா வாலஸ் 2013-ல் இறந்தபோது வேறு குரல் தேடாமல் அந்தப் பாத்திரத்தையே விடைகொடுத்து அனுப்பினார்கள். அதே தொடரில் ஹோமருக்குப் பேசும் டேன் காஸ்டெல்லனெட்டா முதலில் நடிகர் வால்டர் மத்தாவின் கனத்த குரலை நகலெடுத்தார். அந்தக் குரலில் நாள் முழுக்கக் கத்த முடியவில்லை, உணர்ச்சி காட்டவும் இடம் போதவில்லை. ஓரிரு சீசனில் குரல் மேலே ஏறியது. கூடவே ஹோமரும் கோபக்கார அப்பாவிலிருந்து குழந்தைத்தனமான அப்பாவானார். தொண்டை வலிதான் ஒரு பாத்திரத்தின் குணத்தை மாற்றியது என்றால் மிகையில்லை.

தமிழ்க் குரல்களுக்கு இந்த மரியாதை கிடைப்பதில்லை. விழுப்புரத்துப் பிள்ளை “அம்மாஆ” என்று இழுப்பது யாஜிமாவைக் கேட்டு அல்ல. சென்னையின் ஏதோ ஒரு ஒலிப்பதிவு அறையில் காதில் ஹெட்போனோடு நின்று, படத்தின் வாயசைவுக்கு மூச்சை அளந்து பேசிய ஒருவரைக் கேட்டு. அவர் பெயர் பெரும்பாலும் திரையில் வருவதில்லை. வசனத்தைத் தமிழாக்கியவர் பெயரும் வருவதில்லை. நம் வீட்டில் ஒலிக்கும் ஷின்சானில் பாதி அவர்களுடைய ஷின்சான்.

ஆள் போய் சமோசா வந்தது

நீளும் தொடருக்கு வரும் பெரிய நோய் ஒன்று உண்டு. பாத்திரத்துக்கு முதலில் பத்து குணம் இருக்கும். அதில் ஒன்றுக்கு மக்கள் கைதட்டுவார்கள். எழுதுகிறவர்கள் அடுத்த வாரமும் அதையே வைப்பார்கள். அதற்கடுத்த வாரமும். ஐந்து வருஷத்தில் ஒன்பது குணம் உதிர்ந்து அந்த ஒன்று மட்டும் மிஞ்சும்.

உலகத்துக்கே எடுத்துக்காட்டு சிம்ப்சன்ஸில் வரும் பக்கத்து வீட்டு நெட் ஃபிளாண்டர்ஸ். முதலில் அவர் நல்ல அண்டை வீட்டார். நல்ல தோட்டம், நல்ல பிள்ளைகள், கொஞ்சம் பக்தி. அந்த ‘நல்ல’தெல்லாம்தான் ஹோமருக்கு எரிச்சல். சிரிப்பு ஹோமரின் பொறாமையில் இருந்தது. வருஷங்கள் போகப் போக நெட்டிடம் பக்தி மட்டுமே மிஞ்சியது. வாயைத் திறந்தால் வேதாகமம். சிரிப்பு பொறாமையிலிருந்து பக்தியைக் கேலி செய்வதற்கு இடம் மாறியது. எந்தத் தொடரில் எந்தப் பாத்திரம் இப்படிச் சுருங்கினாலும் அதற்கு ஃபிளாண்டர்ஸின் பெயரையே வைத்து அழைக்கிறார்கள் ஆங்கில ரசிகர்கள்.

நம் வீட்டுக்கும் இது புதிதல்ல. மோட்டுவுக்கு சமோசா, பீமுக்கு லட்டு. லட்டு வாயில் போனால் பீமுக்குப் பலம் வரும் என்பது முதலில் கதையின் முடிச்சை அவிழ்க்கும் உத்தி. நூறாவது தடவை அது கதையை முடிக்க வேண்டிய நேரம் வந்துவிட்டது என்ற மணி. எதிரி யார், பிரச்சினை என்ன என்பதெல்லாம் லட்டு வரும் வரைக்கும்தான். பிள்ளைகள் அதை வெறுப்பதில்லை. வரப்போவது தெரிந்து காத்திருப்பதும் ஓர் இன்பம். கவுண்டமணி எப்போது செந்திலை உதைப்பார் என்று தியேட்டர் காத்திருந்ததே, அதே இன்பம். ஆனால் அங்கே உதைக்கு முன்னால் செந்தில் கேட்கும் கேள்வி படத்துக்குப் படம் புதிதாக இருந்தது. உதை பழசு, கேள்வி புதுசு. கேள்வியும் பழசாகும்போதுதான் பிள்ளை ரிமோட்டை எடுக்கிறது.

கிரீன் கோல்டு இதற்கு ஒரு வழி கண்டுபிடித்தது. 2019-ல் நெட்ஃபிளிக்ஸுக்காக ‘மைட்டி லிட்டில் பீம்’ செய்தார்கள். பீம் தவழும் குழந்தை, பேச்சே கிடையாது. வீரத்தைக் கழற்றி வசனத்தையும் கழற்றியதும் மிஞ்சியது லட்டுக்காக அலையும் ஒரு வாலு. எந்த நாட்டுக்கும் குரல் மாற்றாமல் அனுப்பலாம் என்ற வணிகக் கணக்கும் அதில் உண்டு. வயதைக் கூட்டித்தான் ஒரு பாத்திரத்தைப் புதுப்பிக்க வேண்டும் என்றில்லை, குறைத்தும் புதுப்பிக்கலாம்.

அடிக்கிற கை, தடுக்கிற கை

வெளியிலிருந்து வரும் கண்டிப்பும் தொடரை மாற்றும். ஷின்சான் முதலில் பிள்ளைகளுக்காகப் பிறந்தவனே அல்ல; அவன் வந்தது பெரியவர்கள் படிக்கும் சித்திரக்கதை இதழில். ஆடையை அவிழ்த்து ஆடுவதும், பெண்களைப் பார்த்து வழிவதும் பெரியவர்களின் கூச்சத்தைச் சீண்டுவதற்கு வைத்தவை. கார்ட்டூனானதும் பிள்ளைகள் வந்து உட்கார்ந்துவிட்டார்கள். ‘எங்கள் பிள்ளைகள் பார்க்கக் கூடாதவை’ என்று ஜப்பானியப் பெற்றோர் சங்கம் எடுத்த கணக்கெடுப்புகளில் இந்தத் தொடர் பல ஆண்டுகள் முன்வரிசையில் இருந்தது. இந்தியாவில் 2008-ல் புகார்களைத் தொடர்ந்து ஒளிபரப்பு நின்றது. வெட்டல்களோடு 2009-ல் திரும்பியது.

அம்மாவின் கையும் மாறியது. பழைய பகுதிகளில் அம்மா மிட்சி விடும் குத்துக்கு ஷின்சான் தலையில் அடுக்கடுக்காக வீக்கம் எழும்பும். அன்று அது வெறும் சிரிப்பு. நம் ஊரில் 2009-ன் கல்வி உரிமைச் சட்டம் பள்ளியில் அடிப்பதைத் தடை செய்தது. ஜப்பானில் 2020 ஏப்ரலிலிருந்து பெற்றோர் தண்டனையாக அடிப்பதற்கும் சட்டம் தடை போட்டது. காலம் மாற மாறத் திரையில் அடியும் குறைந்துகொண்டே வந்தது. “எங்க காலத்து ஷின்சான்தான் ஷின்சான்” என்று சொல்லும் இருபத்தைந்து வயதுக்காரர்கள் எதற்காக ஏங்குகிறோம் என்று ஒரு நிமிஷம் யோசிக்கலாம்.

கண்டிப்பு எல்லை மீறினால் என்ன ஆகும் என்பதற்கும் சாட்சி உண்டு. 1940-ல் எம்.ஜி.எம். ஸ்டுடியோவில் ஹன்னாவும் பார்பெராவும் தொடங்கிய டாமும் ஜெர்ரியும் ஏழு ஆஸ்கர் வாங்கினார்கள். 1975-ல் அதே இருவர் அமெரிக்கத் தொலைக்காட்சிக்காக அதைப் புதுப்பித்தபோது சனிக்கிழமைக் காலை நிகழ்ச்சிகளில் வன்முறை கூடாது என்ற கெடுபிடி. பூனையும் எலியும் நண்பர்களானார்கள். ஜெர்ரி கழுத்தில் சிவப்பு ‘போ’ கட்டிக்கொண்டு டாமோடு சேர்ந்து ஊர் சுற்றினான். யாரும் சிரிக்கவில்லை. துரத்தல் போன பிறகு அங்கே டாமும் இல்லை, ஜெர்ரியும் இல்லை. அதே தொடரின் 1940-களின் படங்களில் வந்த கறுப்பினப் பணிப்பெண்ணின் கேலிச் சித்திரத்தைப் பிற்காலத்தில் மாற்றியதும் நீக்கியதும் வேறு கதை. அதனால் சிரிப்பு குறையவில்லை. எதை எடுத்தால் தொடர் பிழைக்கும், எதை எடுத்தால் சாகும் என்பதற்கு இதைவிடத் தெளிவான பாடம் இல்லை.

சிங்கம் போய் சிங்கம் ஆன கதை

சிம்ப்சன்ஸில் கடை வைத்திருக்கும் அபு ஓர் இந்தியர். அவருக்குப் பேசியவர் ஹாங்க் அசாரியா என்ற வெள்ளையர்; பேச்சு, இந்தியர் ஆங்கிலத்தின் கேலி. அமெரிக்காவில் வளர்ந்த இந்தியப் பிள்ளைகளைப் பள்ளியில் அந்தக் குரலால்தான் சீண்டினார்கள். 2017-ல் நகைச்சுவைக் கலைஞர் ஹரி கொண்டபொலு இதை ஆவணப்படமாக எடுத்துக் கேட்டார். 2020 ஜனவரியில் அசாரியா அந்தப் பாத்திரத்துக்குப் பேசுவதை நிறுத்திக்கொண்டார்.

அதை வாசித்து நாம் தலையாட்டும் நேரத்தில் நம் கூடத்தில் மோட்டு பத்லு ஓடுகிறது. அதில் வரும் போலீஸ்காரர் இன்ஸ்பெக்டர் சிங்கம். இந்தியில் அவர் பேசுவது தென்னிந்தியச் சாயல் தூக்கலான இந்தி. நடையும் அலட்டலும் நம் படக் கதாநாயகர்களின் நகல். 2010-ல் ஹரி இயக்கத்தில் சூர்யா நடித்த ‘சிங்கம்’ வந்தது. 2011-ல் அது இந்திக்குப் போனது. 2012-ல் அதன் சாயலில் பெயர் வைத்த கார்ட்டூன் போலீஸ் பிறந்தார். அவர் குரல் மாற்றத்தில் மறுபடி தமிழுக்கே வந்து சேர்ந்தார். வடக்கத்திக் காதுக்கு அவர் பேச்சே நகைச்சுவை. தமிழில் எல்லாரும் தமிழ்தான் பேசுகிறார்கள். அந்த நகைச்சுவைக்கு நிற்க இடமில்லை. தமிழ் வசனக்காரர் வேறு ஏதாவது செய்துதான் அவரைச் சிரிக்க வைக்க வேண்டும். அப்போதே அவர் வேறு ஆளாகிவிடுகிறார். நம்மைக் கேலி செய்யப் பிறந்த பாத்திரம் நம் மொழிக்குள் வந்ததும் கேலியை இழந்து வெறும் போலீஸ் ஆனது ஒரு சின்னப் பழிவாங்கல்தான்.

ஹாரியின் வீட்டுக் கடன்

தொடர் கொஞ்சமும் மாறாமல் நின்றாலும் பார்க்கிறவர் மாறிவிடுகிறார். ஷின்சானின் அப்பா ஹாரிக்கு முப்பத்தைந்து வயது. டோக்கியோ அருகே கசுகபே என்ற ஊரில் சொந்த வீடு, அதற்கு முப்பத்திரண்டு வருஷக் கடன், ஒரு கார், வேலைக்குப் போகாத மனைவி, இரண்டு பிள்ளைகள், ஒரு நாய். தொண்ணூறுகளில் ஜப்பானியர்கள் அவரைப் பார்த்துச் சிரித்தார்கள்: சம்பளமும் கம்மி, நாற்றமடிக்கும் காலுறை, மனைவிக்குப் பயம். பொருளாதாரம் தேங்கி, நிரந்தர வேலை அரிதாகிப் போன ஜப்பானில் இன்று அதே ஹாரியைப் பார்த்துப் பெருமூச்சு விடுகிறார்கள். ஒரே சம்பளத்தில் சொந்த வீடா? கொடுத்துவைத்தவர்!

திண்டிவனத்திலிருந்து விக்கிரவாண்டி வரை சாலையோரம் கொடி நட்டு, கல் நட்டு மனை விற்கிறார்கள். அன்று ஷின்சான் பார்த்த பையன் இன்று அந்த மனைக்கு மாதத் தவணை கணக்குப் போடுகிறான். இப்போது அவனுக்குச் சிரிப்பு வருவது ஷின்சானைப் பார்த்தல்ல. ஞாயிற்றுக்கிழமையும் தூங்க விடாத குடும்பத்தின் நடுவே சோபாவில் சுருண்டு கிடக்கும் ஹாரியைப் பார்த்து. காட்சியில் ஒரு கோடும் மாறவில்லை. தொடரின் நாயகன் மட்டும் அவனுக்கு மாறிவிட்டான்.

உசுயி 2009 செப்டம்பரில் மலையேறப் போன இடத்தில் விழுந்து இறந்தார். உதவியாளர்கள் சேர்ந்து சித்திரக்கதையைத் தொடர்கிறார்கள், கார்ட்டூனும் நிற்கவில்லை. படைத்தவர் போன பிறகும் பாத்திரம் வாழ்வது நம் வட்டாரத்துக்குப் புதுமை இல்லை.

ஆண்டுதோறும் வரும் பழைய தொடர்

பங்குனி பிறந்தால் விழுப்புரம் மாவட்டத்தில் அக்னி வசந்த விழாக்கள் தொடங்கிவிடும். செஞ்சி அருகே மேலச்சேரி துரௌபதை அம்மன் கோயிலைத்தான் மூலக் கோயில் என்று சுற்று வட்டாரம் சொல்லும். பகலில் பாரதச் சொற்பொழிவு, இரவில் தெருக்கூத்து. வில்வளைப்பு, சுபத்திரை கல்யாணம், துகிலுரிதல், அர்ச்சுனன் தபசு, கிருஷ்ணன் தூது, கர்ண மோட்சம், பதினெட்டாம் போர் என்று ராத்திரிக்கு ஒரு கதை. கடைசிக் காலையில் மண்ணில் துரியோதனனைப் படுக்க வைத்துப் படுகளம், அன்றே தீமிதி. இதுவும் தொடர்தான். அடுத்த வருஷம் அதே கதை, அதே வரிசை, அதே முடிவு.

கதை தெரிந்தும் கூட்டம் விடிய விடிய உட்கார்ந்திருப்பதற்குக் கட்டியங்காரன் பெரிய காரணம். ராத்திரி பத்து மணிக்கு மேல் முகவீணையும் மிருதங்கமும் ஏறிக்கொண்டிருக்கும். இரண்டு பேர் பிடித்த திரைக்குப் பின்னால் ராஜா வேஷம் குதித்துக்கொண்டிருப்பார். கிரீடத்தின் நுனி மட்டும் தெரியும். கூம்புக் குல்லாய், கோமாளிப் பூச்சோடு கட்டியங்காரன் முன்னால் வந்து, வருவது யார் என்று விசாரிப்பார். அஸ்தினாபுரத்து அரசன் என்று பதில் வந்தால், “அஸ்தினாபுரமா? விழுப்புரத்துல இறங்கி மாறணுமா, நேர் பஸ் இருக்கா?” என்கிற ரகத்தில் ஒரு கேள்வி விழும். கூட்டம் சிரிக்கும். ராஜா கோபப்படுவார். சேவகனாகப் பணிந்து நிற்கும்போதே கட்டியங்காரன் நூறு நாள் வேலைக் கூலியையும் ரேஷன் கடை வரிசையையும் ராஜசபைக்குள் கொண்டுவந்து வைப்பார்.

ராஜாவின் பாட்டு வாத்தியார் வழி வந்தது. அதில் யாரும் கை வைக்க மாட்டார்கள். கட்டியங்காரனின் பேச்சு அன்றைக்கு, அந்த ஊருக்கு, அந்தக் கூட்டத்துக்குப் பிறந்தது. அடுத்த ஊரில் அதே சொல் செல்லாது. தோல்பாவைக் கூத்தில் வரும் உச்சிக்குடும்பனும் உளுவத்தலையனும் ராமாயணத்துக்கு நடுவே செய்தது இதைத்தான். கதை பழசாக இருப்பது அவர்களுக்குச் சுமை இல்லை. அது காலூன்றி நிற்கும் தரை.

சிம்ப்சன்ஸின் நல்ல காலமும் இப்படித்தான் இருந்தது. பள்ளி, தேவாலயம், அணு உலை முதலாளி, உள்ளூர் மேயர் என்று அமெரிக்கச் சிற்றூர் ஒன்றின் ராஜாக்களை அது வம்புக்கு இழுத்தது. பிற்காலத்தில் தன் பழைய நகைச்சுவையைப் பற்றியே நகைச்சுவை செய்யத் தொடங்கியது; பிரபலங்கள் தங்கள் குரலிலேயே வந்து போனார்கள். ராஜாவைக் கேள்வி கேட்ட சேவகன் ராஜாவோடு படம் எடுத்துக்கொண்டால் கூட்டம் எழுந்து போகத்தான் செய்யும்.

ஓட்டம் நிற்காத சிரிப்பு

• டாம் அண்ட் ஜெர்ரி: 1958 வரை ஹன்னா, பார்பெரா செய்தவை 114 குறும்படங்கள். பிறகு ஜீன் டைச் பிராக் நகரில் சிக்கனமாகச் செய்தவை 13. சக் ஜோன்ஸ் செய்தவை 34.

• சசாயே-சான்: 1969 அக்டோபரிலிருந்து ஒளிபரப்பு. உலகின் நீண்டகாலக் கார்ட்டூன் தொடர் என்று கின்னஸ் பதிவு. நாயகிக்கு முதல் நாளிலிருந்து பேசுபவர் மிதோரி கத்தோ.

• டோரேமான்: இப்போதைய ஓட்டத்துக்கு அடித்தளமிட்ட தொடர் 1979-ல் தொடங்கியது. படைத்த ஃபுஜிகோ எஃப். ஃபுஜியோ 1996-ல் மறைந்தார்.

• தி சிம்ப்சன்ஸ்: 1987-ல் வேறொரு நிகழ்ச்சிக்குள் துணுக்காக வந்து, 1989 டிசம்பரில் தனித் தொடரானது. 2018 ஏப்ரலில் ‘கன்ஸ்மோக்’ தொடரின் 635 பகுதிகளைத் தாண்டியது.

• சோட்டா பீம்: 2008-ல் தொடங்கியது. 2024-ல் மனித நடிகர்களை வைத்துத் திரைப்படமானது.

நம் கூடத்துக்கு ஒரு கட்டியங்காரன்

பீமுக்கு ஈடாகப் பெயர் சொல்லும்படி தமிழிலேயே பிறந்து வளர்ந்த கார்ட்டூன் நகைச்சுவைத் தொடர் நம்மிடம் இல்லை. ஒரு தரம் செய்து பல மொழியில் குரல் மாற்றினால் செலவு குறைகிறது. சேனல்களின் கணக்கு அதோடு முடிந்துவிடுகிறது. வரையத் தெரிந்தவர்களுக்குத் தமிழ்நாட்டில் பஞ்சமில்லை. வருஷக்கணக்கில் வாரந்தோறும் உட்கார்ந்து தமிழில் எழுதுகிற ஒரு எழுத்துக் குழுவுக்குச் சம்பளம் கொடுக்க ஆள் இல்லை என்பதுதான் பிரச்சினை.

அப்படி ஒரு தொடர் வரும் வரைக்கும் செய்யக்கூடியது ஒன்று உண்டு. தமிழ் வசனம் எழுதுகிறவருக்கும் குரல் கொடுக்கிறவருக்கும் திரையில் பெயர் போடுங்கள். வாயசைவுக்குள் அடங்கும் வரை உள்ளூர்ப் பேச்சை வைக்க விடுங்கள். ஷின்சான் தமிழில் இவ்வளவு ஒட்டியதற்குக் காரணமே, அவன் வாயில் வந்தது நம் வீட்டுப் பிள்ளையின் வாய்த்துடுக்கு. கூத்து ஜமா எந்தக் காலத்திலும் கட்டியங்காரனைப் பெயரில்லாமல் விட்டதில்லை. ஊரார் அடுத்த வருஷம் கூத்து வைக்கும்போது, “அந்தக் கட்டியங்காரன் வர்றாரா?” என்று கேட்டுத்தான் தாம்பூலம் மாற்றுவார்கள்.

பெற்றோருக்கும் ஒரு வார்த்தை. பிள்ளை பார்க்கும் தொடர் நல்லதா கெட்டதா என்று அதன் பெயரை வைத்துத் தீர்ப்புச் சொல்ல முடியாது. முப்பது வருஷம் ஓடிய தொடருக்குள் முப்பது தொடர் இருக்கிறது. பக்கத்தில் உட்கார்ந்து ஒரு பகுதி பாருங்கள். அது யாரைப் பார்த்துச் சிரிக்கச் சொல்கிறது என்று மட்டும் கவனியுங்கள். மேலே இருக்கிறவரைப் பார்த்தா, எளியவரின் பேச்சையும் நிறத்தையும் பார்த்தா, அல்லது பார்க்க யாருமே இல்லாமல் தன் பழைய சிரிப்பையே பார்த்தா? மூன்றாவது என்றால் சேனலை மாற்றலாம். இரண்டாவது என்றால் மாற்றுவதற்கு முன் பிள்ளையோடு கொஞ்சம் பேசுங்கள். முதலாவது என்றால் நகர்ந்து உட்காருங்கள். நீங்களும் சேர்ந்து பார்க்க வேண்டியது அது.